ஏலமலைக்கு யார் ராஜா?



எங்கள் ஊர் போடிநாயக்கனூர். சுருக்கமாகப் போடி. தேனி மாவட்டத்தில், மேற்குத் தொடர்ச்சி மலையின் காலடியில் இருக்கிறது. ஏலக்காய்க் கடைகள் இருக்கும் தெருவில் நடந்து போனால், பாயச அடுப்புப் பக்கத்தில் நிற்பது போலவே இருக்கும்! முப்பது ஆண்டுகளுக்கு மேல் பிள்ளைகளுக்குப் பாடம் நடத்திவிட்டு, இப்போது ஓய்வாக வீட்டில் இருக்கிறேன். ஓய்வு என்றுதான் பெயர். கோடை விடுமுறை வந்துவிட்டால் என் வீட்டுத் திண்ணை மறுபடியும் வகுப்பறை ஆகிவிடும்.

போன கோடையில் ஒரு நாள், என் பேரனும் தெருப் பிள்ளைகளும் பழைய காலண்டர் தாளைத் திருப்பிப் போட்டு ஏதோ வரைந்துகொண்டிருந்தார்கள். எட்டிப் பார்த்தேன். ஒரு உலக வரைபடம்! ஆனால் அதில் இந்தியாவும் இல்லை, சீனாவும் இல்லை. லட்டு நாடு, அல்வா நாடு, பால்கோவா நாடு, மிட்டாய்த் தீவு என்று இருந்தது. நடுவில் பாகு ஆறு ஓடியது. ஒவ்வொரு நாட்டுக்கும் ஒரு ராஜா. லட்டு நாட்டுக்கு என் பேரன்தான் ராஜா. சும்மா இருப்பானா? அல்வா நாட்டின் மேல் போர் தொடுத்துவிட்டான்!

"எதுக்குடா சண்டை?" என்று கேட்டேன்.

"அப்பத்தா, அல்வா நாட்டுக்காரங்க லட்டு பிடிச்சு விக்கிறாங்க. லட்டு எங்களோடது!"

"சண்டை வேண்டாம். உட்கார்ந்து பேசி ஒப்பந்தம் எழுதுங்கள்" என்றேன். நான்கு கோடு நோட்டில் ஒரு தாளைக் கிழித்து எழுதினார்கள். லட்டு நாட்டில் பிடித்தால்தான் அது லட்டு. அல்வா நாட்டில் கிண்டினால்தான் அது அல்வா. மீறுகிறவர் நூறு பலகாரம் அபராதம் கட்ட வேண்டும். எல்லா ராஜாக்களும் கையெழுத்துப் போட்டார்கள்.

அப்போது எதிர்வீட்டுச் சிறுமி ஒரு கேள்வி கேட்டாள். அவள் அம்மா தினமும் விடியும் முன்பே ஜீப் ஏறி, போடிமெட்டுக்கு மேலே உள்ள ஏலத் தோட்டத்துக்குக் காய் எடுக்கப் போகிறவர். "டீச்சர், லட்டுக்கும் ஏலக்காய் வேணும், பால்கோவாவுக்கும் ஏலக்காய் போடுவாங்க, பாயசத்துக்கும் வேணும். ஏலமலை இந்தப் படத்துல எங்க இருக்கு?"

ராஜாக்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஏலமலையை யாருமே வரையவில்லை!

குழந்தைகளே, இது விளையாட்டுத்தான். ஆனால் இப்படிப்பட்ட ஒப்பந்தம் நிஜ உலகத்திலும் இருக்கிறது. அதிலும் இதே குறைகள் கொஞ்சம் இருக்கின்றன. அதைச் சொல்லத்தான் இன்று உட்கார்ந்தேன்.

1994-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம், மொராக்கோ நாட்டின் மராகேஷ் நகரில் உலக நாடுகள் கூடி ஒரு பெரிய வர்த்தக ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. 1995 ஜனவரி 1 முதல் அது நடைமுறைக்கு வந்தது. அதன் ஒரு பகுதிக்கு 'டிரிப்ஸ்' என்று பெயர். ஓர் ஊரின் மண்ணாலோ தண்ணீராலோ கைப்பழக்கத்தாலோ ஒரு பொருளுக்குத் தனிப் பெயர் கிடைத்திருந்தால், அந்த ஊர்ப் பெயரை மற்றவர்கள் பொய்யாகப் போட்டு மக்களை ஏமாற்றக்கூடாது என்கிறது அது. இதற்காக நம் நாட்டிலும் 1999-ல் சட்டம் இயற்றி, 2003 செப்டம்பரிலிருந்து நடைமுறைப்படுத்தினார்கள். இதைத்தான் 'புவிசார் குறியீடு' என்று செய்தித்தாளில் படிக்கிறீர்கள். இந்தியா முழுமைக்கும் இதற்கான பதிவு அலுவலகம் எங்கே இருக்கிறது தெரியுமா? நம் சென்னையில், கிண்டியில்! 2004-ல் முதன்முதலாகப் பதிவானது டார்ஜிலிங் தேயிலை. பிறகு இனிப்புகளும் வரிசையில் வந்து நின்றன. திருப்பதி லட்டு 2009-ல். பழனி பஞ்சாமிர்தமும் ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவாவும் 2019-ல். கோவில்பட்டி கடலைமிட்டாய் 2020-ல்.

"ஒரு பெயருக்குப் போய் இத்தனை ஏற்பாடா?" என்று நினைப்பீர்கள். நானும் ஒரு காலத்தில் அப்படித்தான் நினைத்தேன். பட்டால்தானே தெரிகிறது!

சில ஆண்டுகளுக்கு முன் வெளியூர்க் கல்யாணம் ஒன்றுக்குப் போய்த் திரும்பும்போது, வழியில் ஒரு பேருந்து நிலையத்தில் 'ஒரிஜினல் ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவா' என்று கொட்டை எழுத்தில் அச்சிட்ட பெட்டி வாங்கினேன். ஊரின் பெயர், கோபுரத்தின் படம், எல்லாம் இருந்தது. வீட்டுக்கு வந்து பிரித்தால், வாயில் போட்டதும் மாவு மாவாக ஒட்டியது. நாக்கில் வனஸ்பதி பூசியது போல் ஒரு பிசுக்கு. பேரன் ஒரு வாய் தின்றுவிட்டு, "பால்கோவான்னா இவ்வளவுதானா?" என்று கேட்டான். எனக்குப் பணம் போனது கூடப் பெரிதாகத் தெரியவில்லை. பாலையும் சர்க்கரையையும் மட்டும் வைத்துக்கொண்டு, அடுப்பனலில் நின்று, அடிப்பிடிக்காமல் கிண்டிக் கிண்டி ஓர் ஊர் சம்பாதித்த பெயர் அது. அந்த ஊர்க்காரர் யாருமே செய்யாத ஒரு தப்புக்கு, என் பேரன் அந்த ஊருக்கு மதிப்பெண் குறைத்துவிட்டான்! பெயரைத் திருடுவது என்றால் இதுதான். பெட்டியில் என் முகவரியைப் போட்டு வேறு யாரோ கடிதம் எழுதுவது மாதிரி.

ஆகவே பெயருக்கு வேலி வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் என் பேரன் எழுதிய சட்டத்தைப் பாருங்கள்: 'லட்டு நாட்டில் பிடித்தால்தான் லட்டு.' இது பெயருக்கு வேலி இல்லை. சுவைக்கே வேலி! அதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். உங்கள் வீட்டில் அம்மாவோ அப்பாவோ தாராளமாகப் பால்கோவா கிண்டலாம். போடியில் ஒருவர் கடை வைத்து விற்கலாம். சட்டமும் அதைத் தடுக்கவில்லை. 'ஸ்ரீவில்லிபுத்தூர்' என்ற பெயரைத்தான் ஒட்டக்கூடாது. 'போடி பால்கோவா' என்று போட்டுக்கொள்ளட்டுமே! நன்றாக இருந்தால் நாளைக்கு அந்தப் பெயரும் ஊரெங்கும் பரவும்.

இந்த வித்தியாசம் புரியாமல் பெரியவர்களே சண்டை போட்டிருக்கிறார்கள். ரசகுல்லா கதை கேளுங்கள். மேற்கு வங்கத்துக்காரர்கள், "1868-ல் கொல்கத்தா பாக்பஜாரில் நவீன் சந்திர தாஸ் என்பவர்தான் ரசகுல்லாவை உருவாக்கினார்" என்றார்கள். ஒடிசாக்காரர்களோ, "அதற்கு எவ்வளவோ முன்பிருந்தே பூரி ஜெகந்நாதர் கோயிலில் படைக்கிறோம். தேர்த் திருவிழா முடிந்து கோயிலுக்குத் திரும்பும் ஜெகந்நாதர், தம்மை விட்டுவிட்டுப் போனதற்காகக் கோபித்துக்கொண்ட லட்சுமியை ரசகுல்லா கொடுத்துத்தான் சமாதானப்படுத்துகிறார்" என்றார்கள். ஊடல் தீர்க்கிற இனிப்பை வைத்துக்கொண்டு இரண்டு மாநிலம் ஊடியது!

முடிவு என்ன ஆயிற்று? 2017 நவம்பர் 14 அன்று 'பங்களார் ரசகுல்லா' பதிவானது. (குழந்தைகள் தினத்தன்று!) 2019 ஜூலை 29 அன்று 'ஒடிசா ரசகோலா'வும் பதிவானது. வங்கத்து உருண்டை வெள்ளை வெளேரென்று பஞ்சு போல இருக்கும். ஒடிசா உருண்டை இன்னும் மிருதுவாக, லேசாகப் பழுப்பேறி இருக்கும். யார் முதலில் செய்தார்கள் என்று சென்னை அலுவலகம் தீர்ப்புச் சொல்லவில்லை. அது அதன் வேலையும் இல்லை. உன் பெயரில் உன் பண்டம், அவர் பெயரில் அவர் பண்டம் என்று பிரித்துக் கொடுத்தது. ஒரு பென்சிலுக்கு இரண்டு பிள்ளைகள் அடித்துக்கொண்டால் ஆசிரியர்கள் நாங்கள் இதைத்தான் செய்வோம். ஆளுக்கொரு பென்சில், அதன் மேல் அவரவர் பெயர்.

அதே 2019-ல் இன்னொரு வேடிக்கையும் நடந்தது. மைசூர்பாகை நம் தமிழ்நாட்டுக்குக் கொடுத்துவிட்டார்கள் என்று யாரோ கேலியாகப் போட்ட செய்தி நாடெல்லாம் பரவி, கர்நாடகத்தில் பலர் கொதித்துப் போனார்கள். கடைசியில் பார்த்தால் அப்படி எதுவுமே நடக்கவில்லை! பெயரிலேயே மைசூர் இருக்கும்போது நமக்கு எப்படிக் கொடுப்பார்கள் என்று யாருமே ஒரு நிமிடம் யோசிக்கவில்லை.

சரி, ஏமாந்த கதையை மட்டும் சொல்லிவிட்டு நழுவினால் நியாயம் ஆகாது. எங்கள் போடி மலைக்கு அந்தப் பக்கம், கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில் மறையூர் என்று ஓர் ஊர். அங்கேயும் பக்கத்துக் காந்தளூரிலும் கரும்பு விளைகிறது. உருண்டை உருண்டையாகப் பிடிக்கும் மறையூர் வெல்லத்துக்குத் தனி மதிப்பு. அந்த வெல்லமும் 2019-ல் புவிசார் குறியீடு பெற்றது. ஏன் அவர்கள் அதற்கு ஓடினார்கள் தெரியுமா? தமிழ்நாட்டுப் பக்கமிருந்து விலை குறைந்த வெல்லம் போய், 'மறையூர் வெல்லம்' என்ற பெயரில் அங்கே விற்பனை ஆனதும் ஒரு காரணம். பால்கோவா பெட்டியைப் பார்த்து நான் பட்ட கோபத்தை, நம் பக்கத்து வெல்லத்தைப் பார்த்து மறையூர் விவசாயி பட்டிருப்பார் அல்லவா? ஊர் என்று இருந்தால் நேர்மையான வியாபாரியும் இருப்பார், மற்றவரும் இருப்பார். இதில் 'நாம்', 'அவர்கள்' என்று கோடு கிழிக்க முடியாது.

இப்போது எதிர்வீட்டுச் சிறுமியின் கேள்விக்கு வருகிறேன்.

உங்களில் எத்தனை பேர் ஏலச்செடியைப் பார்த்திருக்கிறீர்கள்? போடியிலிருந்து முந்தல் வழியாக 17 கொண்டை ஊசி வளைவுகள் ஏறினால் போடிமெட்டு. அதைத் தாண்டினால் பூப்பாறை, சாந்தன்பாறை, நெடுங்கண்டம் என்று ஏலமலை விரியும். பெரிய மரங்களின் நிழலில், ஆளைவிட உயரமாகச் செடிகள் நிற்கும். காயைத் தேடி அண்ணாந்து பார்த்தால் ஏமாந்து போவீர்கள்! ஏலக்காய் மேலே காய்க்காது. செடியின் தூரிலிருந்து கிளம்பி, தரையோடு தரையாகக் கிடக்கும் சரத்தில்தான் காய்க்கும். அதனால் பறிக்கிறவர் நாள் முழுக்கக் குனிந்தே இருக்க வேண்டும். பழுத்துவிட்டால் காய் வெடித்துவிடும். பிஞ்சாக இருந்தால் மணம் இருக்காது. ஒரே சரத்தில் முற்றிய காயை மட்டும் பார்த்து எடுத்துவிட்டு, மற்றதை அடுத்த முறைக்கு விட வேண்டும். காய் எடுப்புக் காலத்தில் மழையும் இருக்கும், காலில் அட்டையும் ஏறும். எடுத்த காயை ஸ்டோரில் சூடு காட்டி உலர்த்துவார்கள். ஏறக்குறைய ஐந்து கிலோ பச்சைக் காய் உலர்ந்தால் ஒரு கிலோ தேறும். பிறகு சல்லடையில் சலித்து, பெரிது சிறிது என்று தரம் பிரிப்பார்கள். அப்புறம்தான் ஏலக்காய் ஏலத்துக்கு வரும். (தமிழில் இரண்டுக்கும் ஒரே சொல்! ஏலத்தை ஏலம் விடும் ஊர் எங்கள் ஊர்.) நறுமணப் பொருள்கள் வாரியத்தின் மின்னணு ஏலம் நடப்பது இரண்டு இடங்களில். ஒன்று இடுக்கியில் உள்ள புற்றடி. மற்றொன்று போடி.

இவ்வளவுக்கும் பிறகு அந்தக் காயின் பெயர் என்ன தெரியுமா? 'ஆலப்புழை பச்சை ஏலக்காய்'! 2007-08-ல் அந்தப் பெயரில்தான் புவிசார் குறியீடு கிடைத்தது. ஆலப்புழையோ கடற்கரை ஊர். அங்கே வயலும் காயலும் உண்டு. ஏலத் தோட்டம் கிடையாது. அப்படியென்றால் பெயர் எப்படி வந்தது? மலை அந்தக் காலத்தில் திருவிதாங்கூர் மன்னரின் ஆட்சியில் இருந்தது. ஏலக்காய் வணிகத்தை அரசே கையில் வைத்திருந்தது. விளைந்த காய் அரசின் ஆலப்புழைக் கிடங்குக்குப் போய், அங்கிருந்து கப்பல் ஏறியது. வாங்கிய வெளிநாட்டுக்காரர்களுக்கு மலை தெரியாது, துறைமுகம்தான் தெரியும். தெரிந்த பெயரைச் சொல்லிக் கேட்டார்கள். அதுவே நிலைத்துவிட்டது.

இதற்காகப் போடிக்காரர்கள் கொடி பிடிக்க வேண்டும் என்று நான் சொல்ல மாட்டேன். தோட்டங்களில் பெரும்பகுதி கேரளத்தில் இருக்கிறது. ஆலப்புழைப் பெயருக்கு உலகச் சந்தையில் ஒரு மதிப்பும் இருக்கிறது. இன்றைக்கு மத்திய அமெரிக்காவில் உள்ள குவாதமாலா நாட்டில் ஏலக்காய் ஏராளமாக விளைகிறது. ஏற்றுமதியில் அந்த நாடுதான் முன்னால் நிற்கிறது. அந்தப் போட்டியில் நம் மலைக் காய்க்கு ஒரு பெயர்ப் பலகை தேவைதான். ஆனால் என் மனதில் ஒரு முள் குத்திக்கொண்டே இருக்கிறது. பெயர் துறைமுகத்துக்குக் கிடைத்தது. பதிவுச் சான்று வாரியத்துக்குக் கிடைத்தது. குனிந்து பறித்தவருக்கு?

சட்டத்தில் ஒரு நல்ல அம்சம் உண்டு. புவிசார் குறியீட்டை யாரும் விற்க முடியாது, அடகு வைக்கவும் முடியாது. எவ்வளவு பெரிய பணக்காரராக இருந்தாலும் 'கோவில்பட்டி கடலைமிட்டாய்' என்ற பெயரை விலைக்கு வாங்கிவிட முடியாது. பத்து ஆண்டுக்கு ஒருமுறை பதிவைப் புதுப்பிக்க வேண்டும், அவ்வளவுதான். பதிவேட்டில் இரண்டு பகுதிகள் இருக்கின்றன. ஒன்றில் பண்டமும் ஊரும். மற்றொன்றில் அந்தப் பெயரைப் பயன்படுத்த உரிமை பெற்ற தயாரிப்பாளர்கள். அந்த இரண்டாம் பகுதியில் சிறு விவசாயியும் பெயரைப் பதிந்துகொள்ளலாம். ஆனால் கூலிக்குக் காய் எடுக்கிறவருக்கு இரண்டிலும் இடம் இல்லை. முற்றிய காய் எது, முற்றாத காய் எது என்று பார்த்ததுமே சொல்லும் அந்தக் கண்ணும் கையும் சேர்ந்துதானே அந்தப் பெயரைச் சம்பாதித்தது? மண்ணுக்கும் தண்ணீருக்கும் மதிப்புக் கொடுக்கும் சட்டம், கைக்கும் கொடுக்கலாமே என்பது என் கட்சி. விலை ஏறும்போது கூலியும் ஏறுகிறதா என்று கேட்க, ஒப்பந்தம் எழுதும் மேசையில் அவர்களுக்கு ஒரு நாற்காலி வேண்டும்.

நாற்காலி கிடைக்காதவருக்கு என்ன ஆகும் என்பதற்கு டிரிப்ஸ் ஒப்பந்தமே சாட்சி. அதில் திராட்சை மதுவுக்கும் மற்ற மது வகைகளுக்கும் மட்டும் ஒரு தனிச் சலுகை கொடுத்திருக்கிறார்கள். பிரான்ஸ் நாட்டு ஊர்ப் பெயர் ஒன்றை எடுத்து, 'அந்த ஊர் பாணியில் இங்கே செய்தது' என்று உண்மையாக எழுதினால்கூட மது வகைகளில் கூடாது. மிட்டாய்க்கும் தேயிலைக்கும் ஏலக்காய்க்கும் அப்படி இல்லை. வாங்குகிறவர் ஏமாந்தார் என்று காட்டினால்தான் தடுக்க முடியும். மதுவுக்கு மதில் சுவர், மிட்டாய்க்கு முள்வேலி! எல்லாப் பொருளுக்கும் ஒரே காவல் வேண்டும் என்று இந்தியாவும் வேறு சில நாடுகளும் பல ஆண்டுகளாகக் கேட்டு வருகின்றன. குழந்தைகளைக் கேட்டு எழுதியிருந்தால் மிட்டாய்க்குத்தான் மதில் கட்டியிருப்பார்கள். ஆனால் மேசையில் உட்கார்ந்தவர்கள் பெரியவர்கள். அதிலும் மது விற்கும் நாடுகளின் பெரியவர்கள் பலமாகப் பேசினார்கள்.

ஐரோப்பாவில் சாக்லேட்டுக்கும் இப்படி ஒரு வழக்கு நடந்தது. 1973-ல் பிரிட்டன் ஐரோப்பியக் கூட்டமைப்பில் சேர்ந்தது முதல் ஏறக்குறைய முப்பது ஆண்டுகள்! கோகோ வெண்ணெயோடு வேறு தாவரக் கொழுப்பைக் கொஞ்சம் சேர்த்தால் அதைச் சாக்லேட் என்று சொல்லலாமா, கூடாதா என்பதுதான் தகராறு. 2000-ல் ஒரு விதி எழுதினார்கள். 5 சதவீதம் வரை சேர்க்கலாம், ஆனால் சேர்த்ததை உறையில் எழுத வேண்டும். இத்தாலியும் ஸ்பெயினும் பிடிவாதம் பிடித்து, 2003-ல் நீதிமன்றத்தில் தோற்றன. எனக்கு அந்த விதி பிடித்திருக்கிறது. எதை வேண்டுமானாலும் செய், செய்ததை மறைக்காதே என்கிறது.

நீங்களும் உறையைப் படியுங்கள், குழந்தைகளே. முன்பக்கத்தில் கோபுரமும் பசுவும் இருக்கும். பின்பக்கத்தில் பொடி எழுத்தில் எந்த ஊரில் செய்தது, என்னென்ன சேர்த்தது என்று இருக்கும். பின்பக்கம்தான் நிஜம். ஊர்ப் பெயர் முன்னால் ஒன்றும் பின்னால் வேறொன்றும் இருந்தால், கடைக்காரரிடம் மரியாதையாகக் கேளுங்கள்: "அண்ணே, இது எந்த ஊர்ல செஞ்சது?" நீங்கள் கேட்டால் கோபித்துக்கொள்ள மாட்டார். நான் கேட்டால்தான், "டீச்சர் வந்துட்டாங்கப்பா" என்று முணுமுணுக்கிறார்!

திண்ணை ஒப்பந்தம் என்ன ஆயிற்று என்று சொல்ல மறந்துவிட்டேனே. தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு மறுபடி எழுதினார்கள். எல்லா நாட்டிலும் எல்லா இனிப்பும் செய்யலாம், ஊர்ப் பெயரை மட்டும் பொய்யாகப் போடக்கூடாது என்று மாற்றிவிட்டார்கள். வரைபடத்தின் ஓரத்தில் எதிர்வீட்டுச் சிறுமி பச்சைப் பென்சிலால் ஏலமலையை வரைந்தாள். ராஜா தலையில் கிரீடம் வரைவாள் என்று பார்த்தால், ராஜாவே இல்லை. இடுப்பில் பை கட்டிய ஒரு அம்மாவை வரைந்தாள். கீழே ஒரு வரி எழுதினாள்: 'காய் விலையை ராஜாக்கள் மட்டும் முடிவு செய்யக் கூடாது.'

அல்வா நாட்டு ராஜா உடனே கையெழுத்துப் போட்டுவிட்டார். பால்கோவா நாடும் போட்டாயிற்று. லட்டு நாட்டு ராஜா மட்டும், "யோசிச்சுச் சொல்றேன் அப்பத்தா" என்று சொல்லிவிட்டுப் பள்ளிக்கூடம் திறந்து போய்விட்டார். தாளை நான் பத்திரமாக வைத்திருக்கிறேன்.